சிவப்பு மையில் ஒரு பத்தி

தமிழ்நாட்டின் உரிமையியல் நீதிமன்றங்களில் பழைய வழக்குக் கட்டு ஒன்றைப் பிரித்தால், தட்டச்சுப் பக்கங்களுக்கு நடுவே சிவப்பு மையில் எழுதிய வரிகள் கண்ணில் படும். ஓரிடத்தில் சர்வே எண்ணை அடித்துவிட்டு மேலே வேறு எண் எழுதியிருக்கும். இன்னோரிடத்தில் ‘4அ’ என்று ஒரு புதிய பத்தியே ஓரத்தில் நுழைந்திருக்கும். எந்த இடைக்கால மனுவில், எந்தத் தேதியிட்ட உத்தரவின்படி அது சேர்க்கப்பட்டது என்ற குறிப்பு பக்கத்திலேயே இருக்கும். பிராது தாக்கலான நாளில் சொல்லாத ஒன்றைப் பிறகு சொல்ல நீதிமன்றம் இடம் கொடுத்ததற்கான தடம் அது. அந்த நாலு வரிக்காக முன்சீப் கோர்ட்டில் கிளம்பி, உயர் நீதிமன்றம் ஏறி, டெல்லி வரை போய்த் திரும்பிய வழக்குகள் உண்டு.

அப்படிப் போன தமிழ்நாட்டு நில வழக்கு ஒன்று. வாதி 1988இல் வழக்குப் போட்டார். நிலம் தன் சுவாதீனத்தில் இருக்கிறது, பிரதிவாதி அதில் தலையிடக் கூடாது என்று நிரந்தர உறுத்துக்கட்டளை கேட்டார். நிலம் என்னிடம்தான் இருக்கிறது என்று பிரதிவாதி எதிருரை போட்டார். பிறகு வழக்கு கிடந்தது. 1999இல் வாதி ஒரு திருத்த மனுவோடு வந்தார். வழக்கு நிலுவையில் இருந்தபோதே, 1989 ஜனவரியில், பிரதிவாதி தன்னைப் பலவந்தமாக வெளியேற்றிவிட்டார்; ஆகவே நிலம் தன்னுடையது என்ற விளம்புகையும், சுவாதீனத்தை மீட்டுத் தரும் பரிகாரமும் பிராதில் சேர்க்கப்பட வேண்டும் என்றார். வழக்கின் தன்மையே மாறிவிடும் என்பது எதிர்ப்பு. பதினோரு ஆண்டுத் தாமதம் என்பது இன்னோர் எதிர்ப்பு. விசாரணை நீதிமன்றம் மனுவைத் தள்ளியது. உயர் நீதிமன்றம் சீராய்வையும் தள்ளியது. 2002 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் திருத்தத்தை அனுமதித்தது. அன்றைக்கு வழக்குக்கு வயது 14. விசாரணை தொடங்கியிருக்கவில்லை.

இந்த வழக்கில் தாமதம் யாரால் வந்தது என்ற கேள்விக்கு ஒற்றைப் பதில் கிடையாது. வாதி பதினோரு ஆண்டு சும்மா இருந்தார். அதே பதினோரு ஆண்டில் நீதிமன்றமும் முதல் சாட்சியை அழைக்கவில்லை. ஆனால் 1999க்குப் பிறகு போன மூன்று ஆண்டுகள் முழுக்க ஒரே கேள்விக்குச் செலவாயின: அந்தப் பத்தியை எழுதலாமா, கூடாதா? எனக்கு முக்கியமாகப் படுவது இந்த இடம்தான். திருத்த மனுவில் கீழ் நீதிமன்றம் தவறலாம், எப்படியும் தவறலாம். அனுமதித்ததில் நேர்ந்த தவறு, மறுத்ததில் நேர்ந்த தவறு இரண்டில் எதைப் பிற்பாடு சரிசெய்ய முடியும்? மேல் நீதிமன்றங்கள் இந்தக் கேள்வியிலிருந்து தொடங்கினால் அந்த மூன்று ஆண்டுகளில் பெரும்பகுதி மிஞ்சும் என்பது என் வாதம்.

முதலில், பிராதில் ஒரு பத்தி இல்லாமல் போவது ஏன் அவ்வளவு பெரிய விஷயம்? 1909 ஜனவரி 1 முதல் நடைமுறையில் இருக்கும் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 6, வழக்குரையில் என்ன இருக்க வேண்டும் என்று சொல்கிறது. முக்கியப் பொருண்மைகள் இருக்க வேண்டும். அவற்றுக்கான சாட்சியம் வேண்டியதில்லை. ஏற்கெனவே சொன்னதற்கு முரணாகப் புதிதாக எதையும் கிளப்பக் கூடாது. கிளப்ப வேண்டுமென்றால் திருத்தம் செய்துதான் கிளப்ப வேண்டும். இதன் விளைவு கடுமையானது. பிராதிலோ எதிருரையிலோ சொல்லாத ஒன்றுக்குக் கட்டுக் கட்டாகச் சாட்சியம் இருந்தாலும் அதை நீதிமன்றம் பார்க்காது. கூண்டில் நிற்கும் சாட்சியிடம் அது பற்றி ஒரு கேள்வி கேட்டாலே எதிர்த்தரப்பு எழுந்து, ‘இது பிளீடிங்கில் இல்லை’ என்று தடுக்கும். தடுப்பது சரிதான். எதிராளி என்ன சொல்லப் போகிறார் என்று முன்கூட்டித் தெரிந்தால்தான் ஒருவர் தன் சாட்சியைத் தயார் செய்ய முடியும்.

அப்படியானால் எல்லாவற்றையும் முதலிலேயே சொல்லிவிட வேண்டியதுதானே என்று கேட்கலாம். கட்சிக்காரரின் நிலையில் இருந்து பார்த்தால் அது எளிதல்ல. 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டப்படி, விளம்புகையும் சுவாதீனமும் கேட்டால் சொத்தின் சந்தை மதிப்பை ஒட்டிக் கட்டணம் கட்ட வேண்டும். வெறும் உறுத்துக்கட்டளைக்கு வாதியே மதிப்பைக் குறிப்பிட்டுக்கொள்ளலாம். செலவு மிகக் குறைவு. கையில் பட்டாவும் கிஸ்தி ரசீதும் வைத்திருப்பவர், வேலியைப் பிடுங்க வருபவரைத் தடுக்க மட்டும்தான் முதலில் நினைப்பார். ‘உனக்கு உரிமையே இல்லை’ என்று எதிருரை வந்த பிறகுதான் வழக்கு உரிமை வழக்காக மாறுகிறது. இதை உச்ச நீதிமன்றம் 2008இல் நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் எழுதிய தீர்ப்பில் விரிவாக ஆராய்ந்தது. உரிமை மேல் உண்மையான ஐயம் எழுந்தால் வாதி விளம்புகை கேட்டாக வேண்டும். ஆனால் வழியில் போகிறவர் எவரோ வம்புக்கு உரிமை கோரியதற்காக, தெளிவான உரிமையும் சுவாதீனமும் உள்ளவரைச் செலவு மிகுந்த வழக்குக்குத் துரத்தக் கூடாது என்றது. இரண்டுக்கும் நடுவில் எங்கே நிற்கிறோம் என்பது எதிருரையைப் படித்த பிறகே வாதிக்குத் தெரியவரும். திருத்த மனுக்களில் பல இந்த இடத்தில்தான் பிறக்கின்றன. அவை சூழ்ச்சிகள் அல்ல. வழக்கின் இயல்பான வளர்ச்சி.

இதற்காகவே கட்டளை 6இன் விதி 17 இருக்கிறது. 1908இல் எழுதப்பட்ட வடிவில் அதன் பொருள் இரண்டு பகுதியாக அமைந்தது. வழக்கின் எந்தக் கட்டத்திலும், நியாயமான நிபந்தனைகளோடு, வழக்குரையைத் திருத்த நீதிமன்றம் அனுமதிக்கலாம் என்பது முதல் பகுதி. தரப்பினருக்கு இடையிலான உண்மையான பிரச்சினையைத் தீர்மானிக்கத் தேவைப்படும் திருத்தங்கள் எல்லாம் செய்யப்பட்டாக வேண்டும் என்பது இரண்டாம் பகுதி. முன்னது ‘அனுமதிக்கலாம்’ என்கிறது. பின்னது ‘செய்யப்பட்டாக வேண்டும்’ என்கிறது. நீதிபதியின் விருப்புரிமை, தேவை என்று தெரிந்த இடத்தில் கடமையாகிவிடுகிறது. திருத்த மனுவைத் தயவாகவே பார்த்துப் பழகியவர்கள் இந்த இரண்டாம் பகுதியைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

சட்டம் நடைமுறைக்கு வந்த 1909லேயே பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நீதிபதி பேச்சலர் இதற்கு இரண்டு அளவுகோல் வைத்தார்: எதிர்த்தரப்புக்கு அநீதி விளையக் கூடாது, உண்மையான பிரச்சினையைத் தீர்க்கத் தேவையாக இருக்க வேண்டும். 1957இல் உச்ச நீதிமன்றம் அந்த இரண்டையும் அப்படியே ஏற்றுக்கொண்டது. அதே ஆண்டில் வந்த இன்னொரு தீர்ப்பு இன்னும் துணிச்சலானது. சரக்கு தன்னுடையது, அதை எதிர்த்தரப்பு அபகரித்தது என்று இழப்பீடு கேட்டு ஒரு நிறுவனம் வழக்குப் போட்டிருந்தது. சரக்கின் உடைமை அதன் கைக்கு மாறவே இல்லை என்று உச்ச நீதிமன்றத்தில் தெரிந்தது. அபகரிப்பு வழக்கு விழுந்தது. ஆனால் அதே உண்மைகளை வைத்து, ஒப்பந்தத்தை மீறினார்கள் என்று கேட்டிருக்கலாம். அப்படிக் கேட்பதற்கான காலவரையறை எப்போதோ முடிந்துவிட்டது. இருந்தும் உச்ச நீதிமன்றத்திலேயே திருத்தம் அனுமதிக்கப்பட்டது. காலவரையறை முடிந்தது என்பது கணக்கில் கொள்ள வேண்டிய ஒரு விஷயம். அது நீதிமன்றத்தின் அதிகாரத்தையே பறிக்காது என்றது தீர்ப்பு. அதை எழுதியவர் டி.எல். வெங்கடராம ஐயர். முத்துசுவாமி தீட்சிதர் கிருதிகளில் பெரும் புலமை பெற்றவர். 1944இல் சென்னை மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி. கிருதியின் பாடத்தில் ஒரு எழுத்தும் பிசகக் கூடாது என்று காத்தவர், பிராதின் பாடம் பிசகியதற்காக உரிமையை இழக்க வேண்டாம் என்று எழுதியிருக்கிறார். என் வாசிப்பில் இரண்டும் ஒரே அக்கறைதான்: எழுத்து எதற்காக இருக்கிறது என்ற அக்கறை.

காலவரையறை பற்றிய சட்டம் பிறகு நுணுகி வளர்ந்தது. கேட்கும் உரிமை செத்துப்போனது என்பது முகத்திலேயே தெரிந்தால் திருத்தத்தால் அதை எழுப்பக் கூடாது. காலம் கடந்ததா இல்லையா என்பதே வழக்காக இருந்தால் அனுமதித்துவிட்டு, அதையும் ஓர் எழுவினாவாக வைத்து விசாரிக்கலாம். இதற்குத் தமிழ்நாட்டிலிருந்தே ஓர் உதாரணம் உண்டு. சுற்றுச்சுவரை இடிக்கக் கூடாது என்று ஒருவர் உறுத்துக்கட்டளை கேட்டு வழக்குப் போட்டார். வழக்கு நடக்கும்போதே சுவர் இடிக்கப்பட்டுவிட்டது என்று சொல்லி, இழப்பீடு கேட்கத் திருத்த மனு போட்டார். விசாரணை நீதிமன்றம் மறுத்தது. சென்னை உயர் நீதிமன்றம் தலையிட மறுத்தது. 2001இல் உச்ச நீதிமன்றம் இரண்டையும் ரத்துசெய்தது. யோசித்துப் பாருங்கள்: சுவர் போன பிறகு சுவரை இடிக்காதே என்ற வழக்கில் தீர்மானிக்க என்ன மிச்சம்? திருத்தம் இல்லாமல் அந்த வழக்கு தொடர்ந்திருந்தால், இல்லாத சுவருக்காகச் சாட்சி விசாரணை நடந்திருக்கும். இடித்ததற்கு வேறொரு வழக்கு தனியாக நடந்திருக்கும்.

தொடக்கத்தில் சொன்ன 1988 வழக்கிலும் நீதிபதி ஆர்.சி. லகோட்டி இதே தருக்கத்தைத்தான் கையாண்டார். வாதி தனி வழக்குப் போட்டுக் கேட்கக்கூடிய பரிகாரத்தை இங்கேயே கேட்கவிட்டால் வழக்குகள் பெருகாது. கூடவே ஒரு பாதுகாப்பும் வைத்தார். திருத்தம் பொதுவாக வழக்குத் தாக்கலான நாளிலிருந்தே இருந்ததாகக் கருதப்படும். ஆனால் அது மாறாத விதியல்ல. புதிய பரிகாரங்கள் திருத்த மனு தாக்கலான நாளில் கேட்கப்பட்டதாகவே கொள்ளப்படும் என்று உத்தரவிட்டார். நிலத்தைப் பொறுத்தவரை 12 ஆண்டுக் கணக்கு எவ்வளவு கனமானது என்று கிராமத்தில் எவருக்கும் தெரியும். அந்தக் கணக்கில் பிரதிவாதிக்கு ஏதாவது சேர்ந்திருந்தால் அது அவர் கையை விட்டுப் போகவில்லை. திருத்தத்தை அனுமதிப்பதா மறுப்பதா என்ற இரண்டே வழிதான் என்று நினைக்கிறோம். நடுவில் நிபந்தனை என்ற அகலமான பாதை கிடக்கிறது.

தாராளம் நெடுங்காலம் தொடர்ந்தபோது அதைக் கெட்ட நோக்கத்தோடு பயன்படுத்துபவர்களும் பெருகினார்கள். சாட்சி விசாரணை முடியும் தறுவாயில் ஒரு திருத்த மனு, அது தள்ளப்பட்டால் சீராய்வு, சீராய்வில் ஒரு இடைக்காலத் தடை. வாடகைக்காரர் இன்னும் மூன்று ஆண்டு வீட்டில் இருக்க இது போதும். இந்த வழியை அடைக்க நாடாளுமன்றம் 1999இல் ஒரேயடியாக வெட்டியது. அந்த ஆண்டின் திருத்தச் சட்டம் விதி 17ஐயே நீக்கியது. நாடெங்கும் வழக்கறிஞர்கள் எதிர்த்தார்கள்; நீக்கம் அமலுக்கு வராமலே நின்றது. 2002இல் வந்த இன்னொரு சட்டம் விதியை மீட்டு, அதோடு ஒரு வரம்புரையைச் சேர்த்தது. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கிடையாது. உரிய அக்கறையோடு முயன்றிருந்தும் அந்த விஷயத்தை முன்னதாக எழுப்ப முடியாமல் போனது என்று நீதிமன்றம் முடிவுக்கு வந்தால் மட்டும் விலக்கு. 2002 ஜூலை 1 முதல் இது நடைமுறைக்கு வந்தது.

இந்தச் சட்டங்களை உச்ச நீதிமன்றத்தில் எதிர்த்தது சேலம் வழக்கறிஞர் சங்கம். 2002 அக்டோபரிலும் 2005 ஆகஸ்டிலும் வந்த அந்த இரு தீர்ப்புகள் ‘சேலம் பார்’ வழக்கு என்றே நாடு முழுவதும் குறிப்பிடப்படுகின்றன. வரம்புரை செல்லும் என்றது 2005 தீர்ப்பு. இழுத்தடிக்கும் மனுக்களைத் தடுப்பதே அதன் நோக்கம். திருத்தம் எந்தக் கட்டத்திலும் கிடைக்கும் என்ற முழுச் சுதந்திரம் ஓரளவு குறைக்கப்பட்டிருக்கிறது, அவ்வளவுதான் என்று விளக்கியது.

ஆனால் ‘விசாரணை தொடங்கிய பிறகு’ என்றால் எப்போது? எழுவினாக்கள் வனையப்படும் நாளா, முதல் சாட்சி கூண்டேறும் நாளா? இரண்டு பக்கமும் தீர்ப்புகள் வந்தன. அதே 2002இல் முதல் விசாரணையையே பிரமாண வாக்குமூலமாகத் தாக்கல் செய்யும் முறையும் பரவலாக வந்துவிட்டது. ஆகவே வாதியின் சாட்சிய வாக்குமூலம் தாக்கலாகும் நாளே விசாரணை தொடங்கும் நாள் என்று 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்தத் தீர்ப்பு, வரம்புரையின் நிபந்தனை நிறைவேறாவிட்டால் அனுமதிக்கும் அதிகாரமே நீதிபதிக்கு இல்லை என்றும் சொன்னது. இன்னொரு சிக்கலும் இருந்தது: 2002 ஜூலைக்கு முன் தாக்கலான வழக்குரைகளுக்கு வரம்புரை பொருந்தாது. அதனால் புதிய விதி வந்து பல ஆண்டுகள் கழித்தும் நீதிமன்றங்கள் பிராதின் முதல் பக்கத்துத் தேதியைப் பார்த்துவிட்டே மனுவைப் படிக்க வேண்டியிருந்தது.

வரம்புரை எங்கே நியாயமாகக் கடிக்க வேண்டும் என்பதற்கு ஆந்திரத்திலிருந்து வந்த ஒரு வழக்கு. கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரச் சொல்லும் வழக்கு அது. அன்றைய குறித்தவகைத் தீர்வுச் சட்டப்படி, நான் என் பங்கை நிறைவேற்ற எப்போதும் தயாராகவும் விருப்பமாகவும் இருந்தேன் என்று வாதி பிராதில் சொல்லி, நிரூபிக்கவும் வேண்டும். அந்த வாசகம் பிராதில் இல்லை. வாதங்கள் முடிந்து வழக்கு தீர்ப்புக்காக நிற்கும்போது, தட்டச்சுப் பிழையால் விடுபட்டது என்று சொல்லித் திருத்த மனு போட்டார்கள். விசாரணை நீதிமன்றம் மறுத்தது. உயர் நீதிமன்றம் சீராய்வில் அனுமதித்தது. 2012 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் விசாரணை நீதிமன்றத்தின் உத்தரவை மீட்டது. எழுதியவர் ஈரோடு மாவட்டத்தைச் சேர்ந்தவரும் பின்னாளில் இந்தியத் தலைமை நீதிபதியானவருமான பி. சதாசிவம். விரல் தவறி ஓர் எழுத்து மாறுவது தட்டச்சுப் பிழை. வழக்கின் உயிரான கூற்றே இல்லாமல் போவது அந்த வகையில் சேராது என்றார். சரியான தீர்ப்பு என்றே எனக்குத் தோன்றுகிறது. 2018இல் நாடாளுமன்றம் அந்தச் சட்டத்திலிருந்து ‘சொல்ல வேண்டும்’ என்ற தேவையை நீக்கி ‘நிரூபிக்க வேண்டும்’ என்பதை மட்டும் வைத்தது என்பது வேறு கதை.

இனி மேல் நீதிமன்றத்தின் பங்கு. திருத்த மனு மீதான உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது. கட்டளை 43இன் பட்டியலில் அது இல்லை. முன்பெல்லாம் 115ஆம் பிரிவின் கீழ் சீராய்வுக்குப் போவார்கள். 2002 ஜூலை முதல் அந்தக் கதவு இறுகிவிட்டது. சீராய்வு கேட்பவருக்குச் சாதகமாக உத்தரவு வந்திருந்தால் வழக்கே அத்தோடு முடிந்திருக்கும் என்ற நிலையில்தான் இனி 115. திருத்த உத்தரவு எந்தப் பக்கம் போனாலும் வழக்கு பொதுவாக முடிவதில்லை. எனவே கட்சிக்காரர்கள் அரசியலமைப்பின் 227ஆம் உறுப்புக்கு நகர்ந்தார்கள். கீழ் நீதிமன்றங்கள் மீது உயர் நீதிமன்றத்துக்கு உள்ள மேற்பார்வை அதிகாரம் அது. 226இன் கீழும் வரலாம் என்று 2003இல் ஒரு தீர்ப்பு சொன்னது. உரிமையியல் நீதிமன்றத்தின் நீதித்துறை உத்தரவுக்கு எதிராக 226 செல்லாது, 227 மட்டுமே என்று 2015இல் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மாற்றியது. சென்னையிலும் மதுரைக் கிளையிலும் இன்றைக்கும் இந்த மனுக்களை ‘சி.ஆர்.பி.’, அதாவது உரிமையியல் சீராய்வு மனு, என்றே சொல்கிறோம். பிரிவு மாறியது, வழியின் பெயரும் கூட்டமும் மாறவில்லை.

மேற்பார்வை என்ற சொல்லை அதன் பொருளோடு எடுத்துக்கொள்ள வேண்டும். கீழ் நீதிமன்றம் தன் எல்லைக்குள் நடந்ததா என்று பார்ப்பதே 227. கீழே இருந்தவரின் இடத்தில் தான் உட்கார்ந்து மறுபடி முடிவெடுப்பது அல்ல என்று 1954 முதல் உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவருகிறது. சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கும்போது 227க்கு வருவது ஏறக்குறைய முற்றிலும் தடைப்பட்டது என்று 2019இல் விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில் நீதிபதி வி. ராமசுப்பிரமணியன் எழுதினார். திருத்த உத்தரவுக்கு மேல்முறையீடு இல்லாததால் அந்தத் தடை நேரடியாக இங்கே பொருந்தாது. கட்டுப்பாட்டை உயர் நீதிமன்றம் தனக்குத்தானேதான் விதித்துக்கொள்ள வேண்டும்.

எப்படி விதித்துக்கொள்வது? திருத்தம் அனுமதிக்கப்பட்டது என்று வையுங்கள். பிரதிவாதி கூடுதல் எதிருரை போடலாம். காலம் கடந்தது என்று வாதாடலாம். முன்பு அப்படிச் சொன்னீர்களே, இப்போது ஏன் இப்படி என்று குறுக்கு விசாரணையில் மடக்கலாம். அடித்த வரியின் மேல்தான் சிவப்பு மை இருக்கிறது, அடியில் பழைய வரி இன்னும் படிக்கத் தெரிகிறது. கடைசியில் தோற்றாலும், 105ஆம் பிரிவின்படி, அந்தத் திருத்த உத்தரவு தவறு என்பதைத் தீர்ப்பாணைக்கு எதிரான மேல்முறையீட்டில் ஒரு காரணமாக எடுக்கலாம். மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் முன் எல்லாச் சாட்சியமும் இருக்கும். வேண்டாததை ஒதுக்கிவிட்டுத் தீர்ப்பு எழுதிவிடும்.

மறுக்கப்பட்டால்? 105 அப்போதும் இருக்கிறது, ஏட்டில். ஆனால் சொல்லாத கூற்றுக்கு எழுவினா இல்லை. எழுவினா இல்லாததற்குச் சாட்சியம் இல்லை. பத்து ஆண்டு கழித்து மறுத்தது தவறு என்று மேல்முறையீட்டில் தெரிந்தால், வழக்கைத் திருப்பி அனுப்புவதைத் தவிர வேறு வழி அநேகமாக இருக்காது. அதற்குள் எல்லை அளந்த சர்வேயர் ஓய்வு பெற்றிருப்பார், பாகப்பிரிவினை பேசிய பெரியவர் இறந்திருப்பார். இரண்டு தவறுகளின் எடை ஒன்றல்ல. அனுமதித்த உத்தரவின் மேல் வரும் சீராய்வை உயர் நீதிமன்றம் மிகுந்த தயக்கத்தோடு தொட வேண்டும். மறுத்த உத்தரவை உன்னிப்பாகப் பார்க்க வேண்டும். விசாரணை தொடங்கிய பின் எழுந்த மனுவில் வரம்புரை பற்றி ஒரு வார்த்தையும் இல்லாமல் அனுமதித்த உத்தரவும், செத்துப்போன உரிமையை எழுப்பிய உத்தரவும் இந்தத் தயக்கத்துக்கு விலக்கு. அங்கே நடந்திருப்பது எல்லை மீறல். ஆந்திர வழக்கும் இந்தக் கணக்கோடு முரண்படவில்லை. அங்கே மறுப்பை உன்னிப்பாகப் பார்த்தாலும் தவறு தென்படாது.

அனுமதியைத் தொடுவதில் அந்தத் தயக்கம் இல்லாமல் போனதற்கு ஓர் உதாரணம் உண்டு. 1983இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த அந்த வழக்கு ஒரே சொல்லைப் பற்றியது. சகோதரர் என்பதற்கு முன்னால், ஒரு தாய் வயிற்றில் பிறந்த என்று பொருள்படும் அடைமொழி வழக்குரையில் இருந்தது. அதை நீக்க மனு. விசாரணை நீதிமன்றம் அனுமதித்தது. ஏற்கெனவே ஒப்புக்கொண்ட உறவிலிருந்து நழுவப் பார்க்கிறார்கள் என்று கருதி உயர் நீதிமன்றம் சீராய்வில் அதை ரத்துசெய்தது. உச்ச நீதிமன்றம் அனுமதியை மீட்டது. ஒப்புதலைத் திரும்பப் பெறலாம், விளக்கவும் செய்யலாம். அதன் மதிப்பை விசாரணையில் பார்த்துக்கொள்ளலாம் என்றது. ‘உடன்பிறந்தான்’ என்ற சொல்லிலேயே வயிறு மறைந்திருக்கும் நம் மொழியில் அந்தப் பிராது எழுதப்பட்டிருந்தால் எந்த எழுத்தை அடித்திருப்பார்கள் என்று நான் யோசித்ததுண்டு. உறவு முறையைக் கூண்டில் நிற்கும் அத்தையும் சித்தப்பாவும் சொல்லித் தீர்க்க வேண்டும். சீராய்வு மனுவின் பக்கங்களில் அது தீராது. இதற்கு எதிர்முனையில் 1976இல் ஒரு நூற்பாலை வழக்கு. எதிர்த்தரப்போடு தனக்கிருந்த வணிக உறவை எதிருரையில் ஒருவிதமாகச் சொல்லிவிட்டு, மூன்று ஆண்டு கழித்து அந்தப் பத்திகளையே எடுத்துவிட்டு முற்றிலும் வேறொரு கதையை வைக்க ஆலை முயன்றது. அங்கே மறுப்பு நின்றது. ஒப்புதலை விளக்குவது வேறு, துடைத்தெறிவது வேறு.

அண்மைக் காலத்தில் இந்தத் தயக்கத்தை உச்ச நீதிமன்றமே கடைப்பிடித்தது 2022 செப்டம்பர் 1 அன்று, ஆயுள் காப்பீட்டுக் கழகம் தொடுத்த மேல்முறையீட்டில். 1986இல் பம்பாயில் தாக்கலான ஒப்பந்த வழக்கு. மாற்றாகக் கேட்ட இழப்பீடு 1.01 கோடி ரூபாய். 31 ஆண்டுக்குப் பிறகு அதை 400.01 கோடியாகத் திருத்த மனு. தனி நீதிபதி அனுமதித்தார். இரு நீதிபதிகள் அமர்வும் ஏற்றது. தொகையைப் பார்த்தால் எவருக்கும் திகைப்பு வரும். ஆனாலும் உச்ச நீதிமன்றம் கைவைக்கவில்லை. வழக்கின் அடிப்படை மாறவில்லை. தொகையை நிரூபிக்கும் பாரம் வாதியின் தலைமேல்தான் என்றது. தாமதம் என்ற ஒரே காரணத்துக்காக மறுக்க வேண்டியதில்லை, அதைச் செலவுத்தொகையால் ஈடுசெய்யலாம் என்று அந்தத் தீர்ப்பில் நீதிபதி ஜே.பி. பர்திவாலா தொகுத்துச் சொன்னார்.

செலவுத்தொகை என்பதை நாம் பெயருக்குத்தான் வைத்திருக்கிறோம். இருநூறு, ஐந்நூறு ரூபாய் கட்டச் சொல்லி அனுமதிப்பது எதிர்த்தரப்புக்கு எந்த ஈடும் ஆகாது. மறுபடி வக்கீல் கட்டணம், வேலையை விட்டுவிட்டு வந்த வாய்தாக்கள், திரும்ப அழைக்க வேண்டிய சாட்சிகள் என்று அவர் உண்மையில் இழப்பதைக் கணக்கிட வேண்டும். 2009இல் ஒரு கர்நாடக வழக்கில் நீதிபதி தல்வீர் பண்டாரி, செலவுத்தொகையை நிர்ணயிக்கும்போது எவற்றையெல்லாம் பார்க்க வேண்டும் என்று விரிவாக எழுதிவைத்திருக்கிறார். 35ஆ பிரிவின்படி, தாமதத்துக்கு விதித்த தொகையைக் கட்டாதவர் மேற்கொண்டு வழக்கை நடத்தவே முடியாது. கருவிகள் இருக்கின்றன. கீழ் நீதிமன்றத்தில் தொகை உண்மையாக இருந்தால், அனுமதித்த உத்தரவை எதிர்த்து மேலே ஓட வேண்டிய தேவையே பாதியாகக் குறையும்.

வணிக நீதிமன்றங்களுக்கான 2015ஆம் ஆண்டுச் சட்டம் இந்த ஓட்டத்தை வேறு விதமாக நிறுத்தப் பார்த்தது. அங்கே இடைக்கால உத்தரவுகளுக்கு எதிராகச் சீராய்வே கிடையாது. குறை எதுவானாலும் தீர்ப்பாணைக்கு எதிரான மேல்முறையீட்டில் சொல்லிக்கொள்ள வேண்டும். பெரிய நிறுவனங்கள் மோதும் இடத்தில் அது பொருந்தலாம். ஒரே ஒரு ஏக்கரை வைத்திருப்பவரின் வழக்கில், தவறான மறுப்பையும் பத்தாண்டு சுமந்துகொண்டு போ என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவருக்கு 227 திறந்திருக்க வேண்டும், மறுப்புக்கு எதிராக. திறந்திருக்கும் கதவுக்குள் போன மனு ஆண்டுக்கணக்கில் பட்டியலில் தொங்காமல், எதிர்த்தரப்புக்கு அறிவிப்பு சேர்ந்த சில வாரங்களில் கேட்கப்பட வேண்டும். அதுவரை கீழே விசாரணைக்குத் தடை கேட்பவர், தன் பத்தி இல்லாமல் எந்தச் சாட்சியை இப்போதே விசாரிக்க முடியாது என்று காட்ட வேண்டும்.

உத்தரவு கிடைத்த பிறகு நடப்பதற்குச் சட்டம் குறுகிய காலம்தான் தருகிறது. விதி 18இன்படி, நீதிமன்றம் வேறு கெடு குறிக்காவிட்டால் 14 நாளில் திருத்தத்தைப் பிராதில் ஏற்ற வேண்டும். தவறினால் நீதிமன்றம் நீட்டித்துத் தராதவரை வாய்ப்பு போய்விடும். வக்கீல் குமாஸ்தா மூலப் பிராதை வாங்கி, மேசை ஓரத்தில் வைத்து, சிவப்புப் பேனாவால் பத்தியை எழுதி, மனு எண்ணையும் தேதியையும் குறிப்பார். திருத்திய பிராதின் சுத்தமான நகல் தாக்கலாகும். பிரதிவாதி கூடுதல் எதிருரைக்கு வாய்தா கேட்பார். எழுவினாக்களில் ஒன்று கூடும். 1988ஆம் ஆண்டு வழக்கில், 2002 செப்டம்பர் தீர்ப்புக்குப் பிறகு அடுத்து நடக்க வேண்டியிருந்தது இவ்வளவுதான். அதன் பிறகு முதல் சாட்சி.